இரு கரையும் ஓயும் எட்டாம் நாள்

"மேட்டுக்கரைக் கணக்கில் 212, மணற்கரைக் கணக்கில் 205. ஓட்டுமழை, நான்காம் சுற்று, எட்டாம் நாள். இரு கரையும் ஓய்வு. இன்று பாலம் நடப்பவர்களுக்குத் திறக்கும். மாலை மணிக்குள் அவரவர் கரைக்குத் திரும்பிவிட வேண்டும்."

இது ஒரு பாலக் காவலர் எழுதிவைத்த குறிப்பு. அப்படியொரு பாலமும் இல்லை, காவலரும் இல்லை. என் கணவர் எழுதிய நாவல் இந்தப் பத்தியோடுதான் தொடங்குகிறது. கதை அவருடையது. தேதி என்னுடையது. அந்த உலகத்துக்கு ஒரு நாட்காட்டி வேண்டும் என்று சொன்னதும் நான்தான், அதை உருவாக்கி இத்தனை ஆண்டுகள் பிழையில்லாமல் காத்துவந்ததும் நான்தான்.

அச்சுக்குப் போகும் முன் கோலாலம்பூரிலிருந்து பதிப்பாசிரியர் அனுப்பிய திருத்தப் பிரதியில் அதே பத்தி இப்படி இருந்தது: "சித்திரை மாதம், நான்காம் வாரம், சனிக்கிழமை. இன்று பாலம் திறக்கும்."

பள்ளி இடைவேளையில், ஆசிரியர் அறையில் நின்றபடி கைப்பேசியில் அதைப் படித்தேன். மணி அடித்தது. அன்று நான்காம் ஆண்டுப் பிள்ளைகள் எந்தக் குற்றமும் செய்யாமலே பாடவேளை முழுவதும் வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தார்கள். என் முகம் அப்படி இருந்திருக்க வேண்டும்.

கோபத்துக்கான காரணங்களை ஒவ்வொன்றாகச் சொல்கிறேன். அந்த உலகத்துக்கு நிலவு கிடையாது. இரண்டாம் அத்தியாயத்திலேயே அது சொல்லப்பட்டிருக்கிறது. நிலவில்லாத வானத்தின் கீழே திங்கட்கிழமை எங்கிருந்து வந்தது? சூரியன் மேட ராசியில் நுழையும் மாதம் சித்திரை. அங்கே ராசி மண்டலமே இல்லை. அந்த மக்கள் வானத்தைப் பார்த்து நாள் எண்ணுவதில்லை, மழையைப் பார்த்து எண்ணுகிறார்கள். ஆண்டு ஐந்து மழைகளாகப் பிரிகிறது. மண்ணை வாசனைக்கு எழுப்பிவிட்டுப் போகும் மண்மழை, வந்த வேகத்தில் ஓடிவிடும் ஓட்டுமழை, ஆற்றை மேலே தூக்கும் பெருமழை என்று ஒவ்வொன்றுக்கும் பெயர் உண்டு. ஜொகூரில் பிறந்து வளர்ந்தவளுக்கு வேறென்ன பருவம் தெரியும்? கோடையையும் பனியையும் நான் புத்தகத்தில்தான் பார்த்திருக்கிறேன்.

இவற்றையெல்லாம்கூட ஒரு மாதிரி பொறுத்துக்கொண்டிருப்பேன். எட்டாம் நாளை எடுத்ததைத்தான் பொறுக்க முடியவில்லை. அது எப்படி வந்தது என்று சொல்லாவிட்டால் என் கோபம் வெறும் பிடிவாதமாகத் தெரியும்.

2014 தொடக்கத்தில் மலேசியாவின் ஜொகூர் மாநிலம் வார விடுமுறையை வெள்ளி, சனி என்று மாற்றியது. நான் உலு திராமுக்கு அருகே ஒரு தமிழ்ப்பள்ளியில் ஆசிரியை. என் கணவர் அன்றும் இன்றும் சிங்கப்பூரில், ஒரு குளிர்பதனக் கிடங்கில் பராமரிப்பு வேலை. அவருக்குச் சனி, ஞாயிறு விடுமுறை. எனக்கு வெள்ளி, சனி. வெள்ளிக்கிழமை நான் தனியாக வீட்டில் பயிற்சிப் புத்தகங்களைத் திருத்துவேன். ஞாயிற்றுக்கிழமை நான் பள்ளிக்குப் போய்விடுவேன், அவர் தனியாக வீட்டில் இருப்பார். மற்ற நாட்களில் விடியும் முன் அவருடைய மோட்டார் சைக்கிள் சிங்கப்பூருக்குக் கடலைத் தாண்டும் காஸ்வே பாலத்தை நோக்கிக் கிளம்பிவிடும். அவர் திரும்பும்போது பேசவும் தெம்பு இருக்காது. ஆக, இருவரும் விழித்த கண்களோடு ஒரே வீட்டில் இருந்தது சனிக்கிழமை மட்டும்.

அந்த ஒரு நாளில் எல்லாம் வந்து குவியும். சந்தை, கோயில், உறவுக்காரர் வீட்டுக் கல்யாணம், கார் டயர், சண்டை, சமாதானம். சமையலறையில் இரண்டு காலண்டர்கள் பக்கத்தில் பக்கத்தில் தொங்கின. ஒன்று சிங்கப்பூர் விடுமுறைகளோடு அவர் கொண்டுவந்தது, இன்னொன்று எங்கள் ஊர் இரும்புக்கடை கொடுத்தது. இரண்டிலும் ஒன்றாகச் சிவந்திருந்த கட்டங்களை நான் பென்சிலால் வட்டமிட்டு வைப்பேன். எங்களைப் போல எத்தனையோ வீடுகள் அப்போது இப்படித்தான் இருந்தன. பக்கத்து ஊரான செனாயில் உள்ள தொழிற்சாலைகளில் சில பழைய சனி ஞாயிறையே வைத்துக்கொண்டதால், கடலைத் தாண்டாத குடும்பங்களிலும் அப்பாவுக்கு ஒரு வாரம், பிள்ளைக்கு ஒரு வாரம். யாரும் இதைப் பெரிய துயரமாகப் பேசவில்லை. பழகிக்கொண்டோம்.

கதை தொடங்கியது ஒரு சனிக்கிழமை, டோபி கடையில். வீட்டில் துணி துவைக்கும் இயந்திரம் கெட்டுப்போயிருந்தது. காசு போட்டுச் சுற்றவிட்ட துணியைப் பார்த்தபடி இருவரும் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தோம். ஒரு ஆறு, அதன் குறுக்கே ஒரு பாலம், இரண்டு கரையிலும் இரண்டு நாடு என்று அவர் சொல்லத் தொடங்கினார். மேட்டுக்கரையில் துணிக்குச் சாயம் தோய்க்கும் ஒரு பெண். அவளுடைய கணவன் மணற்கரையில் உப்பளத்தில் வேலை செய்கிறான். சாதாரண நாட்களில் பாலத்தில் சரக்கு வண்டிகள் மட்டுமே போகும்.

"அங்க என்னைக்கு லீவு?" என்று கேட்டேன்.

அவர் யோசித்துவிட்டு, "அது தெரியலம்மா. நீதான டீச்சர், நீயே சொல்லு," என்றார்.

அப்படித்தான் நாட்காட்டி பிறந்தது. துணி காய்ந்து முடிவதற்குள் எலும்புக்கூடு தயாராகிவிட்டது. ஏழு நாள் வாரம் வேண்டாம் என்றவர் அவர். ஏழு நாள் காத்திருப்பு எங்களுக்குப் பழகிவிட்டது, கதையில் அது வலிக்காது, இன்னும் இரண்டு நாள் கூட்டு என்றார். ஆகவே ஒன்பது நாள் கொண்டது ஒரு சுற்று. மேட்டுக்கரைக்கு ஏழாம், எட்டாம் நாட்கள் ஓய்வு. மணற்கரைக்கு எட்டாம், ஒன்பதாம் நாட்கள். இரு கரையும் சேர்ந்து ஓயும் எட்டாம் நாள் மட்டும் பாலம் நடந்துபோகிறவர்களுக்குத் திறக்கும். ஆண்டு எண்ணிக்கையிலும் இரு கரைக்கும் ஒத்துப்போகாது. மேட்டுக்கரை பாலத்துக்கு அடிக்கல் நாட்டிய நாளிலிருந்து எண்ணுகிறது, மணற்கரை பாலம் திறந்த நாளிலிருந்து எண்ணுகிறது. கட்டி முடிக்க ஏழு ஆண்டுகள் ஆனதால் அந்த வித்தியாசம்.

அதற்குப் பிறகு எங்களுக்குள் ஒரு முறை ஏற்பட்டது. அவர் ஞாயிற்றுக்கிழமைகளிலும் காஸ்வே நெரிசலிலும் கைப்பேசியில் எழுதுவார். அத்தியாயம் முடிந்ததும் எனக்கு அனுப்புவார். நான் ஒவ்வொரு நிகழ்ச்சிக்கும் தேதி போடுவேன். தேதி ஒத்துவராவிட்டால் திருப்பி அனுப்பிவிடுவேன். பெருமழைக் காலத்தில் அவள் முற்றத்தில் சாயத்துணி காயப்போடுவதாக எழுதியிருந்தார். அந்த அத்தியாயத்தையே தூக்கி அடுத்த ஆண்டு மண்மழைக்கு முன்னால் வைக்கச் செய்தேன். அவர் முணுமுணுத்தார். ஆனால் வைத்தார். இந்த வேலையை நான் பொழுதுபோக்காகச் செய்யவில்லை. சரித்திரப் புத்தகங்களைப் படிக்கிறவர்களுக்குத் தெரியும், ஒரு நாட்டின் நாட்காட்டி அந்த நாட்டு மக்கள் எதற்காகக் காத்திருந்தார்கள் என்பதைக் காட்டிக்கொடுத்துவிடும்.

2025 தொடக்கத்தில் ஜொகூர் மறுபடி சனி, ஞாயிறுக்குத் திரும்பியது. இரும்புக்கடைக் காலண்டரிலும் சிங்கப்பூர்க் காலண்டரிலும் வார ஓய்வு ஒரே மாதிரி சிவந்தது. முதல் ஞாயிற்றுக்கிழமை இருவருக்கும் என்ன செய்வதென்று தெரியாமல் எதிரெதிரே உட்கார்ந்து காலை உணவைச் சாப்பிட்டது நினைவிருக்கிறது. நாவலும் ஏறக்குறைய அப்போதுதான் முடிந்தது. அவர் அதைக் கோலாலம்பூரில் ஒரு சிறிய பதிப்பகத்துக்கு அனுப்பினார். அவர்கள் ஏற்றுக்கொண்டார்கள். அவ்வளவு சந்தோஷமாக நான் அவரைப் பார்த்ததில்லை.

பிறகு வந்ததுதான் அந்தத் திருத்தப் பிரதி.

பதிப்பாசிரியர் நல்ல வாசகர் என்று கேள்விப்பட்டிருந்தேன். மொழியை அவர் நன்றாகவே செப்பனிட்டிருந்தார், அதை மறுக்கவில்லை. ஆனால் இரண்டு கரைக்கும் வெவ்வேறு ஓய்வு நாட்கள் இருப்பதைப் பார்த்ததும், எழுதியவர் கணக்கில் தவறிவிட்டார் என்று தீர்மானித்திருக்கிறார். சனி, ஞாயிறைத் தவிர வேறு வார விடுமுறையை வாழ்ந்து பார்க்காதவர் செய்யக்கூடிய தவறு. நேர்மையாக உட்கார்ந்து, புத்தகம் முழுவதும், பிழைதிருத்தும் அக்கறையோடு இரண்டு கரைக்கும் சனியும் ஞாயிறும் ஓய்வு என்று ஒழுங்குபடுத்திவிட்டார். ஆண்டெண் இரண்டில் ஒன்றையும் நீக்கிவிட்டார். நன்றியுரையில், தட்டச்சுக்கு உதவிய துணைவியாருக்கு நன்றி என்று ஒரு வரி. நான் ஒரு வரிகூடத் தட்டச்சு செய்ததில்லை.

இதன் விளைவு என்னவென்றால், ஒன்பதாம் அத்தியாயம் பைத்தியக்காரத்தனமாகிவிட்டது. நாவலின் உயிர் அந்த அத்தியாயம்தான். சாயக்காரி எட்டாம் நாள் மாலை மணி அடித்தபிறகு பாலத்துக்கு வந்து சேர்கிறாள். வாயில் மூடிவிட்டது. இனி ஒரு முழுச் சுற்று காத்திருக்க வேண்டும். வாயிற்கட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். திருத்தப் பிரதியில் அவள் வந்து சேர்வது சனிக்கிழமை மாலை. மறுநாள் ஞாயிறு, இரு கரையும் ஓய்வு, பாலம் திறந்திருக்கும். அவள் வீட்டுக்குப் போய்த் தூங்கிவிட்டு விடிந்ததும் வரலாம். ஆனாலும் அங்கேயே நின்று அழுகிறாள். பக்கத்தின் ஓரத்தில், பதிப்பகத்துக்காகப் படித்த இன்னொருவர் குறிப்பு எழுதியிருந்தார்: சோகம் அருமையாக வந்திருக்கிறது.

ஆண்டெண்ணை நீக்கிய இடத்தில் பதிப்பாசிரியரின் ஓரக்குறிப்பு: தமிழ் வாசகருக்கு இரட்டை நாட்காட்டி புரியாது. வாக்கியப் பஞ்சாங்கப்படி ஒரு கோயில், திருக்கணிதப்படி இன்னொரு கோயில் என்று வேறு வேறு நாளில் விழா எடுத்தாலும், இரண்டுக்கும் போய்ப் பிரசாதம் வாங்கிச் சாப்பிடுகிறவர்கள் நாம். அதில் தலை சுற்றாதவர்களுக்கு இதிலா சுற்றப்போகிறது?

மாலையில் கணவர் வந்ததும் பிரதியை நீட்டினேன். அவர் அதைப் பார்க்கவில்லை. பார்க்காததிலேயே எனக்குப் புரிந்துவிட்டது. அவருக்கு முன்பே தெரியும். பதிப்பாசிரியர் தொலைபேசியில் கேட்டிருக்கிறார். இவரும் சம்மதித்திருக்கிறார். எனக்குச் சொல்லவில்லை.

"புக் வரட்டும்மா," என்றார். "தேதிய யாரு உக்காந்து படிக்கப் போறா? இப்ப எல்லாருக்கும் சனி ஞாயிறுதானே. அது முடிஞ்சு போச்சுலா."

பதில் சொன்னால் வாய் தவறிவிடும் என்று நான் துணி மடிக்கப் போய்விட்டேன். முடிந்து போனதாம். பதினோரு ஆண்டுகள் ஒரு நாளை வைத்துக்கொண்டு குடும்பம் நடத்தியிருக்கிறோம். அதைப் பற்றி எங்கேயும் ஒரு வரி எழுதப்படவில்லை. அரசாங்கம் ஒரு அறிவிப்பில் கொடுத்தது, இன்னொரு அறிவிப்பில் எடுத்தது. அது தங்கியிருந்த ஒரே இடம் இந்தக் கதை. அதையும் ஒருவர் பிழையென்று நினைத்து அழித்திருக்கிறார், என் வீட்டுக்காரரே சரி என்றிருக்கிறார். என் பெயர் நன்றியுரையில் எப்படி வந்தது என்பதெல்லாம் அதற்குப் பிறகுதான்.

அவர் பக்கத்தையும் சொல்ல வேண்டும். அது அவருடைய முதல் புத்தகம். ஏற்றுக்கொண்ட ஒரே பதிப்பகம் அது. இதற்கு மேல் முரண்டு பிடித்தால் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று பயந்தார். அந்தப் பயம் எனக்குப் புரிந்தது. மன்னிக்கத்தான் முடியவில்லை.

அந்த வாரக் கடைசியில் பதிப்பாசிரியர் ஜொகூர் பாருவில் ஒரு நூல் வெளியீட்டுக்குக் காரில் வருவதாகவும், வழியில் எங்கள் மாநிலத்திலேயே இருக்கும் ஆயர் ஈத்தாமில் சாப்பிட நிற்பதாகவும் சொல்லியிருந்தார். நானும் வருகிறேன் என்றேன். கணவர் வேண்டாம் என்று சொல்லவில்லை. வழி நெடுக வானொலிதான் பேசியது.

பானைக்கடைகள் வரிசையைத் தாண்டி ஒரு சாப்பாட்டுக்கடை. பதிப்பாசிரியர் தோசையோடு உட்கார்ந்திருந்தார். எங்களை விடச் சற்று இளையவர், இனிமையாகப் பேசுகிறவர். எழுந்து வணக்கம் சொல்லி நாற்காலியை இழுத்துப் போட்டார். கோபத்தோடு வந்தவளுக்கு அது பெரிய இடைஞ்சல்.

"டீச்சர், கதையில நான் கை வைக்கல. தேதியத்தான் நேராக்கினேன்," என்றார். "ஒரு கரைக்கு ஒரு லீவு, எதிர்க்கரைக்கு வேற லீவுன்னா, எழுதினவரு எங்கேயோ கோட்டை விட்டுட்டாருன்னுதானே நினைப்பாங்க? எந்த ஊர்ல அப்படி இருக்கு?"

"நீங்க இப்ப தோசை சாப்பிட்டுக்கிட்டு இருக்கீங்களே, இந்த ஊர்ல," என்றேன்.

அவர் சிரித்தார். பிறகு நான் சிரிக்கவில்லை என்பதைக் கவனித்தார். வெள்ளிக்கிழமை விடுமுறை விஷயம் அவருக்கு அப்போதுதான் ஞாபகம் வந்தது. "ஆமா, உங்களுக்கு அப்படி இருந்துச்சில்ல. அதான் எடுத்துட்டாங்களே," என்றார். என் கணவர் சொன்ன அதே சமாதானம்.

நான் ஒன்பதாம் அத்தியாயத்தைத் திறக்கச் சொன்னேன். சாயக்காரி ஏன் அழுகிறாள் என்று கேட்டேன். பாலம் மூடிவிட்டது என்றார். மறுநாள் திறக்குமா என்று கேட்டேன். அவர் கையைத் துடைத்துக்கொண்டு கைப்பேசியில் அந்தப் பக்கத்தைப் படித்தார். இரண்டு முறை படித்தார். நான் தே தாரிக் தேநீரைக் குடித்தபடி காத்திருந்தேன். வென்றுவிட்டதாகவே நினைத்தேன்.

"சரிதான் டீச்சர், இது என் தப்பு," என்றார். "ஒன்னும் பெரிசில்ல. அவ ஞாயித்துக்கிழமை சாயங்காலம் வந்தான்னு மாத்திட்டாப் போதும். ஒரே ஒரு வார்த்தை. அடுத்த வாரம் வரைக்கும் காத்திருக்கணும், அழுகைக்கும் காரணம் கிடைச்சிருது."

அவர் சொன்னது சரி. அந்த ஒரு சொல்லோடு கணக்கு நேராகிவிடுகிறது. இத்தனை ஆண்டுகள் தேதி பார்த்தவள் நான், அந்தத் தேதியில் பிழை காட்ட முடியவில்லை. ஏதோ ஒன்று முழுவதும் தவறு என்று தெரிகிறது, அதைச் சொல்லக் கணக்கு எதுவும் கைவசம் இல்லை. ராசியைப் பற்றியும் நிலவைப் பற்றியும் ஏதோ சொன்னேன். அவர் பொறுமையாகத் தலையாட்டினார். அந்தப் பொறுமை என்னை இன்னும் எரித்தது.

அதுவரை தட்டைப் பார்த்துக்கொண்டிருந்த என் கணவர்தான் பேசினார்.

"அப்படி மாத்துனா அவங்களுக்கு ரெண்டு நாள் சேர்ந்தாப்ல கிடைக்குதுங்களே."

"ஆமாண்ணே. அதனால என்ன?"

"எங்களுக்குக் கிடைக்கல."

பதிப்பாசிரியர் என்னைப் பார்த்தார், பிறகு அவரைப் பார்த்தார். என் கணவர் குரலை உயர்த்தாமல் மேலே சொன்னார். அந்த அத்தியாயம் முழுவதும் ஞாயிற்றுக்கிழமைகளில் எழுதியது என்றார். நான் பள்ளியில் இருப்பேன், அவர் வீட்டில். அரிசியை ஒரு ஆளுக்குப் போட்டு வடித்துவிட்டு, என் தட்டைக் கழுவும் இடத்திலிருந்து எடுத்து அடுக்கிவிட்டு, பிறகு எழுத உட்கார்வாராம். இதை அவர் என்னிடம் ஒருநாளும் சொன்னதில்லை. வெள்ளிக்கிழமைகளில் நான் எப்படி இருந்தேன் என்று நானும் அவரிடம் சொன்னதில்லை.

"போன்ல நான் சரின்னு சொன்னது தப்புங்க. புக் வரணும்னு சொல்லிட்டேன்," என்றார். "பழையபடியே போடுங்க. தோதுப்படலன்னா குடுத்துருங்க, நான் எடுத்துக்கிறேன்."

திருப்பி எடுத்துக்கொண்டால் அந்தப் புத்தகம் வேறெங்கும் வரப்போவதில்லை என்று மூவருக்குமே தெரியும்.

பதிப்பாசிரியர் தட்டை ஓரமாகத் தள்ளிவைத்தார். கோப்பு ஏற்கெனவே அச்சகத்துக்குப் போய்விட்டது என்பதை அப்போதுதான் சொன்னார். அதற்கும் எனக்குக் கோபம் வந்தது, எங்கள் சம்மதம் கேட்கும் பிரதி எங்களிடம் இருக்கும்போதே அச்சகத்துக்கு எப்படிப் போகும்? அவர் மறுத்துப் பேசவில்லை. கைப்பேசியை எடுத்துக்கொண்டு வெளியே போய், பானைகள் அடுக்கியிருந்த இடத்துக்குப் பக்கத்தில் நடந்து நடந்து பேசினார். உள்ளே வந்து, சொல்லிவிட்டேன், திருத்தும் முன்பிருந்த தேதிகளோடு புதுக் கோப்பு அனுப்புகிறேன் என்றார். எங்கள் சாப்பாட்டுக்கும் சேர்த்துப் பணம் கட்டிவிட்டுக் கிளம்பினார். மனிதர் கெட்டவரில்லை. ஒரு கெட்டவர் இதைச் செய்திருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

திரும்பும் வழியில் என் கணவர் குலாய் வரைக்கும் பேசவில்லை. பிறகு, "இன்னும் கோவமா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். "சரி," என்று சொல்லிவிட்டு வானொலியை அணைத்தார். அதற்குப் பிறகு வீடு வரைக்கும் பேசிக்கொண்டே வந்தோம்.

அதன்பின் பதிப்பாசிரியரிடமிருந்து வந்தது ஒரு குறுஞ்செய்தி, ஒரு படம். எல்லாம் பழையபடி மாற்றியாகிவிட்டது என்று செய்தி. படத்தில் அச்சான ஐந்தாம் அத்தியாயத்தின் ஒரு பக்கம். அதில் ஒன்பது நாள் சுற்று சரியாக இருக்கிறது, ஆண்டெண் இரண்டும் இருக்கின்றன. ஒன்பதாம் அத்தியாயத்தின் படத்தையும் அனுப்பும்படி கேட்டேன். பதில் இல்லை. ஒரு கோப்பின் சில பக்கங்களும் இன்னொன்றின் சில பக்கங்களும் கலந்து அச்சாவது நடக்கக்கூடியதுதான் என்று அச்சுத் தொழில் தெரிந்த ஒருவர் சொன்னார். பிரதிகள் பார்சலில் கிளம்பிவிட்டதாகத் தகவல். இன்னும் உலு திராமுக்கு வந்து சேரவில்லை.

ஆகவே, அச்சான புத்தகத்தில் சாயக்காரி வாயிலுக்கு வந்து சேர்ந்தது எட்டாம் நாளா, சனிக்கிழமையா, ஞாயிற்றுக்கிழமையா என்பதை இதை எழுதும் இன்று வரை நான் சரிபார்க்கவில்லை.